கல்லில் ஏறாத பெயர்கள்

புள்ளலூர்!

பட்டுக்குப் பெயர்போன காஞ்சியை அடுத்த சிற்றூர். ஏரி உண்டு, வயல் உண்டு, நாற்று நடும் கைகள் உண்டு. பெரிய கோபுரம் இல்லை. பெரிய மாளிகை இல்லை. ஆனால் வரலாறு இந்த ஊரை மறக்கவில்லை. பல்லவன் மகேந்திரன் தன் பகைவரைப் புள்ளலூரில் வென்றான் என்று காசாக்குடிச் செப்பேடு பேசுகிறது. 1780 செப்டம்பர் 10ஆம் நாள், ஐதர் அலியும் மகன் திப்புவும், வெள்ளைத் தளபதி பெய்லியின் படையை இங்கேதான் நொறுக்கினார்கள். மைசூர் ஏவுகணைகள் சீறின, கும்பினியாரின் வெடிமருந்து வண்டிகள் வெடித்துச் சிதறின, பெய்லி கைதியானான். மறு ஆண்டு, 1781 ஆகஸ்டில், அதே மண்ணில் மீண்டும் ஒரு போர்.

அந்தப் போரில் மாண்ட இரண்டு வெள்ளை அதிகாரிகளுக்குத் தூண்கள் எழுப்பியிருக்கிறார்கள். வயல்வெளியில் நிற்கின்றன அந்தத் தூண்கள். பெயர் பொறித்த தூண்கள்!

நல்லது. மாண்டவனுக்குக் கல் வைப்பது மனிதப் பண்பு. அதில் நமக்குக் குறையில்லை. ஆனால், தோழர்களே, நாம் கேட்கிறோம்: இந்த மண்ணில் செத்தவர்கள் இருவர்தானா? பெய்லியின் படையிலே பெரும்பகுதி யார்? வயிற்றுக்காகத் துப்பாக்கி தூக்கிய நம் நாட்டுச் சிப்பாய்கள்! பீரங்கி இழுத்தவன் யார்? தண்ணீர் சுமந்தவன் யார்? படைகள் மிதித்த வயலில் பயிரையும் பிள்ளையையும் பறிகொடுத்தவள் யார்? அவர்கள் பெயர் எந்தக் கல்லில் இருக்கிறது?

கல் பேசவில்லை. கல்லுக்குத் தெரிந்தது இரண்டு பெயர்.

இதை இன்று ஏன் எழுதுகிறோம் என்று கேட்பீர்கள். காரணம் ஒரு தேநீர்க் கடை.

கூட்டமொன்று பேசச் சென்ற நாம், புள்ளலூரில் தேநீர் அருந்த உட்கார்ந்தோம். பெஞ்சியில் நாலைந்து இளைஞர்கள். ஒருவன் கைப்பேசியிலிருந்து பாட்டு. பாட்டு என்றால் நீட்டி இழுக்கும் பாட்டல்ல. படபடவெனப் பொரியும் சொற்கள். அவன் சட்டையிலே ஒரு கறுப்பு இளைஞனின் படம். மூலையில் இருந்த பெரியவருக்குப் பொறுக்கவில்லை.

"பாட்டாப்பா இது? சண்டைக்காரன் ஏசுற மாதிரி இல்ல இருக்குது! ரவுடிப் பய பாட்டு!"

இளைஞன் சிரித்தான். "தாத்தா, இது ராப்பு. பாடுறது நம்ம பக்கத்து ஆளு, அரக்கோணம்."

"சட்டையில இருக்கறவனும் அரக்கோணமா?"

"அவரு அமெரிக்கா. டூபாக்."

பெரியவர் நம் பக்கம் திரும்பினார். "நீங்க மேடையில பேசறவரு. நீங்களே சொல்லுங்க தம்பி. இது பாட்டா, ஏச்சா?"

கேள்வி எளிது. விடை அவ்வளவு எளிதல்ல. "எழுதுகிறோம் ஐயா" என்று சொல்லி வந்தோம். சொன்ன சொல்லைக் காப்பாற்றுகிறோம்.

முதலில், சட்டையில் இருந்தவன்.

1781 மே மாதம். புள்ளலூரில் இரண்டாம் போர் நடப்பதற்கு மூன்று மாதம் முன்பு, உலகின் மறு கோடியில், பெரு நாட்டின் கூஸ்கோ நகரச் சதுக்கத்தில் ஒருவனைக் கொன்றார்கள். துப்பாக் அமாரு அவன் பெயர். ஸ்பானிய ஆதிக்கத்தை எதிர்த்துப் பூர்வகுடி மக்களைத் திரட்டியவன். கொல்லுமுன் அவன் நாக்கை அறுத்தார்கள். எதற்கு நாக்கு? வாள் ஏந்தியது கைதானே? ஆம், ஆனால் ஆதிக்கக்காரனுக்குத் தெரியும், கையைவிட ஆபத்தானது எது என்று!

190 ஆண்டுகள் கழிந்தன. 1971 ஜூன் 16, நியூயார்க் நகரம். ஒரு கறுப்பினத் தாய்க்கு ஆண் குழந்தை. தாய் அஃபெனி ஷகூர், கருஞ்சிறுத்தைகள் கட்சியைச் சேர்ந்தவர். குண்டுவெடிப்புச் சதி என்று அரசு தொடுத்த வழக்கில், வயிற்றில் பிள்ளையோடு நீதிமன்றத்தில் நின்று, வழக்கறிஞர் இல்லாமல் தாமே வாதாடியவர். தோழர்களோடு விடுதலையானார். அடுத்த மாதம் பிள்ளை பிறந்தது. அந்தப் பிள்ளைக்கு விளங்கிய பெயர் டூபாக் அமாரு ஷகூர். அறுத்த நாக்குக்குப் பதிலாக ஒரு புது நாக்கு!

தாய் வீராங்கனை, ஆனால் வீட்டில் அடுப்பு எரிய வேண்டுமே! வறுமை துரத்தியது. ஊர் ஊராக மாறினார்கள். பால்டிமோரில் ஒரு கலைப்பள்ளியில் சிறுவன் சேர்ந்தான். நாடகம் படித்தான், ஷேக்ஸ்பியர் நடித்தான், நடனம் ஆடினான். பிறகு கலிபோர்னியா. அங்கே தாயை ஒரு கொடிய போதைப்பழக்கம் பிடித்தது. கருஞ்சிறுத்தைகளின் மகன் தெருவுக்கு வந்தான்.

அப்போது அமெரிக்கக் கறுப்பினச் சேரிகளில் ஒரு கலை வளர்ந்திருந்தது. 1973 ஆகஸ்ட் 11ஆம் நாள், நியூயார்க்கின் பிராங்க்ஸ் பகுதியில், ஜமைக்காவிலிருந்து குடியேறிய கூல் ஹெர்க் என்ற இளைஞன், தன் சகோதரி நடத்திய விருந்தில் இரண்டு இசைத்தட்டுகளை மாற்றி மாற்றிச் சுழற்றினான். அதிலே பிறந்தது ஹிப்ஹாப் என்பார்கள். வீணை வாங்கக் காசில்லை, வித்துவான் வைக்க வழியில்லை. தாளம் உண்டு, வாய் உண்டு. தாளத்தின் மேல் வாய் பேசியது. அதுதான் ராப்.

லாஸ் ஏஞ்சல்ஸ் பக்கத்தில் காம்ப்டன் என்ற ஊர். வேலையில்லை, போதை வணிகம், துப்பாக்கிக் கும்பல்கள், காவல்துறையின் அடக்குமுறை. அங்கிருந்து 1988இல் ஐந்தாறு இளைஞர்கள் கூடி ஒரு தொகுப்பு வெளியிட்டார்கள். என்.டபிள்யூ.ஏ. அவர்கள் குழுவின் பெயர். காவலரின் கொடுமையைச் சாடி அதில் ஒரு பாட்டு. நாடு அதிர்ந்தது. 1989இல் அமெரிக்க மத்தியப் புலனாய்வுத் துறையின் அதிகாரி ஒருவர், இசைத்தட்டு நிறுவனத்துக்குக் கண்டனக் கடிதம் எழுதினார். பாட்டுக்கு எதிராகப் புலனாய்வுத் துறை! ஏடுகள் அந்தக் கலைக்கு ஒரு பெயர் வைத்தன: கேங்ஸ்டா ராப். நம் பெரியவர் சொன்னாரே, ரவுடிப் பாட்டு, அதேதான்!

அவர்கள் பாடியது பொய்யா? 1991இல் ராட்னி கிங் என்ற கறுப்பரை லாஸ் ஏஞ்சல்ஸ் காவலர்கள் தடிகளால் அடித்த அடியை ஒருவர் படம் பிடித்தார். உலகமே பார்த்தது. 1992 ஏப்ரல் 29இல் அந்தக் காவலர்கள் மீதான குற்றம் மெய்ப்பிக்கப்படவில்லை என்று தீர்ப்பு வந்தது. நகரம் எரிந்தது, ஐம்பதுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். பாட்டு முன்பே சொன்னதை நெருப்புப் பின்னால் சொன்னது. பாட்டைக் கேட்டிருந்தால் நெருப்பைத் தவிர்த்திருக்கலாம் அல்லவா?

டூபாக்கின் முதல் தொகுப்பு 1991இல் வந்தது. பன்னிரண்டு வயதில் தாயாகிவிட்ட ஏழைச் சிறுமியின் துயரத்தை அதிலே பாடினான். அந்தத் தொகுப்புக்கு இந்தச் சமுதாயத்தில் இடமில்லை என்றார் அன்றைய அமெரிக்கத் துணைக் குடியரசுத் தலைவர் குவேல். சிறுமிக்குச் சமுதாயத்தில் இடமில்லை என்றபோது வராத கோபம், அவளைப் பாடிய பாட்டைக் கேட்டதும் வந்தது!

இதுவரை புகழ்ந்தோம். இனி மறுபக்கத்தையும் மறைக்காமல் சொல்வோம். மறைப்பது நமக்கு வழக்கமில்லை.

1994 டிசம்பரில் டூபாக் ஒரு பெண்ணைப் பாலியல் முறையில் துன்புறுத்திய குற்றத்துக்காக நீதிமன்றத்தில் குற்றவாளி எனத் தீர்ப்புப் பெற்றான். 1995இல் சிறை சென்றான். தாயைப் போற்றிப் பாடியவன், சிறுமிக்காகக் கண்ணீர் விட்டவன், பெண்ணொருத்திக்குத் தீங்கிழைத்தவன் என்று தீர்ப்பு. இதை வறுமை என்று சொல்லிக் கழுவ முடியாது. ஒடுக்கப்பட்டவன் வாயில் பெண்ணை இழிக்கும் சொல் வந்தாலும் அது இழிசொல்லே. தந்தை பெரியாரின் பிள்ளைகள் இதில் இரண்டு தராசு வைத்துக்கொள்ள முடியாது.

அவன் சிறையில் இருக்கும்போதே அவன் தொகுப்பு விற்பனையில் முதலிடம் பெற்றது. பிணைத்தொகை கட்டி அவனை வெளியே எடுத்தது ஓர் இசைத்தட்டு நிறுவனம். பதிலுக்கு ஒப்பந்தத்தில் கையெழுத்து. பார்த்தீர்களா வணிகத்தின் கணக்கை? கோபமும் சரக்கு, சிறையும் விளம்பரம்! கிழக்குக் கரைக்காரன், மேற்குக் கரைக்காரன் என்று இரு முகாம்கள். இரண்டு பக்கமும் கறுப்பு இளைஞர்கள். மோத மோத இசைத்தட்டு விற்றது. 1996 செப்டம்பர் 7ஆம் நாள் இரவு, லாஸ் வேகாஸ் நகரில், காரில் சென்ற டூபாக்கைச் சுட்டார்கள். 13ஆம் நாள் இறந்தான். வயது 25. ஆறு மாதம் சென்று, எதிர்முகாமின் பாடகன் நொட்டோரியஸ் பி.ஐ.ஜி. லாஸ் ஏஞ்சல்ஸில் சுட்டுக் கொல்லப்பட்டான். வயது 24. டூபாக் வழக்கில் ஒருவர்மீது கொலைக்குற்றம் சாட்டவே 2023 ஆகிவிட்டது. இருபத்தேழு ஆண்டுகள்!

அதே காம்ப்டனில் பிறந்த கென்ட்ரிக் லமார் 2018இல் புலிட்சர் பரிசு பெற்றார். அன்று கண்டனக் கடிதம். முப்பது ஆண்டு சென்று பரிசுப் பத்திரம்! பாடியவர்கள் பாடிக்கொண்டேதான் இருந்தார்கள். நாட்டின் காது திறக்க அத்தனை காலம் பிடித்தது.

இனி நம் வீட்டுக்கு வருவோம்.

வீணைக்கு வழியில்லாதவன் வாயால் பாடுவது நமக்குப் புதிதா? வடசென்னையின் கானாவை நினைத்துப் பாருங்கள். சாவு வீட்டில் இரவெல்லாம் கண்விழித்துப் பாடும் பாட்டு. மேசையே மேளம், தீப்பெட்டியே தாளம். அதைப் பாடியவனை என்ன சொன்னார்கள்? குடிகாரன், பொறுக்கி, பேட்டை ரவுடி! பறையை அடித்தவனை அந்தப் பறையின் பேராலேயே தள்ளி வைத்த சமுதாயமல்லவா இது! தோலைத் தொட்டால் தீட்டு. ஆனால் அதே தோல் மிருதங்கத்தில் ஏறினால் தெய்வீகம்!

மலேசியத் தமிழர் நடுவிலிருந்து யோகி பி. குழுவினர் 2006இல் 'வல்லவன்' தொகுப்பைத் தந்தார்கள். யாழ்ப்பாணத்தில் வளர்ந்து, அகதியாய் இலண்டன் சென்ற மாதங்கி அருள்பிரகாசம், எம்.ஐ.ஏ. என்ற பெயரில் உலக மேடை ஏறினார். மும்பைத் தாராவியின் தமிழ் இளைஞர்கள் 2018இல் 'காலா' படத்தில் பாடினார்கள். எங்கெல்லாம் தமிழன் பிழைக்கப் போய் ஒண்டுக்குடிசையில் ஒதுங்கினானோ, அங்கெல்லாம் இந்தப் பாட்டு முளைத்தது. தற்செயலா? இல்லை. ஒரே விதை, ஒரே மண்.

2018 சனவரியில், சென்னைக் கீழ்ப்பாக்கத்தில், இயக்குநர் பா. ரஞ்சித்தின் முயற்சியாலும் இசையமைப்பாளர் தென்மாவின் உழைப்பாலும் ஒரு குழு மேடையேறியது. 'தி காஸ்ட்லெஸ் கலெக்டிவ்' என்று பெயர். சாதியற்ற தமிழர் என்று ஒரு நூற்றாண்டுக்கு முன் பண்டிதர் அயோத்திதாசர் முழங்கினாரே, அந்தச் சொல்லிலிருந்து எடுத்த பெயர். கானாவும் ராப்பும் பறையும் ஒரே மேடையில்! அந்தக் குழுவில் பாடிய இசைவாணி, ஆண்களே பாடிவந்த கானாவைப் பாடிய பெண். 2020இல் பி.பி.சி. நிறுவனம் உலகின் நூறு பெண்களில் ஒருவராக அவரைச் சொன்னது. 2024இல், பல ஆண்டுக்கு முன் பாடிய ஒரு பாட்டுக்காக அவருக்கு மிரட்டல்கள் வந்தன. பாராட்டியது உலகம், மிரட்டியது ஊர்.

அதே குழுவில் ஓர் இளைஞர் அறிவு. அரக்கோணத்துக்காரர், பொறியியல் படித்தவர். 2019இல் 'தெருக்குறள்' என்று ஒரு தொகுப்பு தந்தார். பெயரைப் பாருங்கள்! குறளைத் தெருவுக்குக் கொண்டுவந்தாரா, தெருவைக் குறளுக்கு உயர்த்தினாரா? இரண்டும்தான். சாதியை, இடஒதுக்கீட்டை, குடியுரிமைச் சட்டத்தை, மாட்டுக்கறிக்காக மனிதனை அடிக்கும் கொடுமையை, கையில் துப்பாக்கி இல்லாமல், வாயில் வசை இல்லாமல் பாடியவர். 2021இல் 'மாஸ்டர்' படத்திலும் அவர் பாட்டு ஒலித்தது.

அவருடைய பாட்டி வள்ளியம்மாள். இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்தவர். அந்த வரலாறு தெரியுமல்லவா? வெள்ளையன் காப்பி பயிரிட்டான், பிறகு தேயிலை பயிரிட்டான். காடு வெட்ட, கொழுந்து கிள்ள நம் மக்களைக் கப்பலேற்றினான். அட்டை கடித்த கால்களோடு மூன்று தலைமுறை உழைத்தார்கள். 1948இல் இலங்கை ஒரு சட்டம் போட்டு, "நீங்கள் எங்கள் குடிமக்கள் அல்ல" என்றது. 1964 அக்டோபர் 30இல் சிறிமாவும் சாஸ்திரியும் ஒப்பந்தம் செய்தார்கள். 9,75,000 பேர், அதில் 5,25,000 பேரை இந்தியா எடுத்துக்கொள்ளும், 3,00,000 பேரை இலங்கை வைத்துக்கொள்ளும், மீதி 1,50,000 பேரைப் பிறகு பார்க்கலாம். 1974இல் அவர்களையும் 75,000, 75,000 என்று பங்கிட்டார்கள். மாட்டுச் சந்தையில் கூட மாட்டின் பல்லைப் பார்ப்பார்கள். இங்கே மனிதரின் முகத்தைக் கூடப் பார்க்கவில்லை! எண்ணினார்கள், பிரித்தார்கள், அனுப்பினார்கள்.

அந்தப் பாட்டியின் கதையும், நட்டவன் ஒருவன் அறுத்தவன் வேறொருவன் என்ற நிலமற்றவன் குமுறலும் சேர்ந்து, 2021 மார்ச் 7ஆம் நாள் 'எஞ்சாய் எஞ்சாமி' ஆக வந்தது. இசை சந்தோஷ் நாராயணன். பாடியவர்கள் தீயும் அறிவும். "என் சாமி" என்பதே எஞ்சாமி. பண்ணையாரைக் கைகட்டி அழைத்த சொல்; அதே சொல்லால் பாட்டி பேரனை அழைக்கிறாள். அடிமைச் சொல் அன்புச் சொல்லாயிற்று! உலகமெங்கும் கோடிக்கணக்கான முறை கேட்டார்கள். ஒப்பாரியைக் கேட்டு ஆடாத கால் இல்லை.

பிறகு நடந்ததுதான் புள்ளலூர்த் தூண்.

2021 ஆகஸ்டில் 'ரோலிங் ஸ்டோன்' ஏட்டின் இந்தியப் பதிப்பு, அந்தப் பாட்டையும் 'சார்பட்டா' படத்தின் 'நீயே ஒளி' பாட்டையும் கொண்டாடி அட்டைப்படம் போட்டது. அட்டையில் இரண்டு கலைஞர்கள். இரண்டு பாட்டுக்கும் சொல் தந்த அறிவு இல்லை! ரஞ்சித் கேட்டார், மறுபடியும் மறைக்கிறீர்களா என்று. நாடு கேட்டது. அதன்பின் அறிவை வைத்து ஓர் அட்டை வெளியிட்டார்கள். கேட்டால்தான் கிடைக்கிறது பெயர்!

2022 சூலை 28. சென்னையில் செஸ் ஒலிம்பியாட் தொடக்க விழா. அதே பாட்டு, தீயும் கிடாக்குழி மாரியம்மாளும் பாடினார்கள். அறிவு மேடையில் இல்லை. அவர் அப்போது அமெரிக்காவில் இருந்தார். பாட்டை எழுதியது, மெட்டமைத்தது, பாடியது தாமே என்று அவர் வருந்தி எழுதினார். அறிவு வெளிநாட்டில் இருந்ததால் இயலவில்லை, இசையில் தம் பங்கு இது, தீயின் பங்கு இது என்று சந்தோஷ் நாராயணன் விளக்கம் சொன்னார். யார் எவ்வளவு என்று பங்கு பிரிக்க நாம் நடுவர் அல்ல. கூடிச் செய்த கலையில் எல்லோர் வேர்வையும் உண்டு. கிடாக்குழி மாரியம்மாளும் மண்ணின் குரல்தான்; அவர் மேடையேறியது நமக்கு மகிழ்ச்சி.

ஆனால் ஒன்று சொல்லியாக வேண்டும். அந்த விழாவை நடத்தியது நாம் வாக்குக் கேட்டு அமைத்த அரசு. அன்று அந்த மேடையில் ஒரு வரி, ஒரே ஒரு வரி, "இந்தப் பாட்டை எழுதியவர் வள்ளியம்மாள் பேரன் அறிவு, இன்று கடல் கடந்து இருக்கிறார்" என்று உரக்க அறிவித்திருந்தால் என்ன குறைந்திருக்கும்? மாற்றார் மறந்தால் சதி என்போம். நம்மவர் தவறவிட்டால் சங்கதி இல்லை என்போமா? சமூகநீதி சட்டத்தில் இருந்தால் போதாது. நிகழ்ச்சி நிரலிலும் இருக்க வேண்டும். நம்மை நாமே கேட்கும் துணிவு இருந்தால்தான் ஊரைக் கேட்கும் உரிமை வரும்.

2024இல் கதை இன்னொரு திருப்பம் கண்டது. பாட்டு வெளியாகி மூன்றாண்டு ஆகியும் தங்களில் எவருக்கும் அதன் வருவாய் ஒரு காசும் வரவில்லை என்று சந்தோஷ் நாராயணனே சொன்னார். கவனியுங்கள் தோழர்களே! எழுதியவரும் இசையமைத்தவரும் பாடியவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டிருந்த நேரத்தில், காசு எங்கே போயிற்று? ஆலையில் நாம் பார்த்த கதைதானே! நெசவாளியும் சாயக்காரனும் மோதிக்கொண்டால், சிரிப்பது யார்? டூபாக்கும் எதிர்முகாமும் மோதியபோது விற்றது யார் சரக்கு?

இந்த நாட்டில் சட்டம் இருக்கிறது. 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தை 2012இல் திருத்தினார்கள். பாட்டு எழுதியவரும் இசையமைத்தவரும் தங்கள் உரிமையை விற்றாலும், அது பயன்படும்போதெல்லாம் வரும் பங்குத்தொகை உரிமையை இழக்க மாட்டார்கள் என்கிறது திருத்தம். பாடியவருக்கும் உரிமை உண்டு. ஆனால் சட்டம் ஏட்டிலே. கையெழுத்து வாங்கும் காகிதமோ ஆங்கிலத்திலே! தெருவிலே பாடும் நம் பிள்ளைக்கு அதைப் படித்துச் சொல்ல ஆள் இருக்கிறதா? தொழிற்சங்கம் வைத்துக் கூலிச்சீட்டு கேட்கக் கற்றுத்தந்த இயக்கம் இது. பாட்டும் உழைப்புதான். அதற்கும் கூலிச்சீட்டு வேண்டும், அதில் பெயர் வேண்டும். ஒவ்வொரு ஒன்றியத்திலும் பாடும் பிள்ளைகளை அழைத்து, கையெழுத்திடுமுன் படித்துக்காட்ட ஒரு வழக்கறிஞர் தோழரை அமர்த்துவது பெரிய வேலையா?

ரவுடிப் பாட்டு என்றாரே பெரியவர். அவருக்கு இப்போது விடை சொல்கிறோம்.

ஐயா, இந்த நாட்டிலும் ரவுடிப் பாட்டு உண்டு. அது வேறு. ஆண்ட பரம்பரை என்று மீசை முறுக்கும் பாட்டு, அரிவாளைத் தூக்கிக் காட்டிச் சாதிப் பெருமை பேசும் பாட்டு. அதைக் கைப்பேசியில் கேட்டுக் கையில் சாதிக் கயிறு கட்டுகிறான் பள்ளிச் சிறுவன். 2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் என்ன நடந்தது? பன்னிரண்டாம் வகுப்பு மாணவன் ஒருவனை, அவன் பள்ளிப் பிள்ளைகளே வீடு புகுந்து வெட்டினார்கள். தடுக்க வந்த தங்கையையும் வெட்டினார்கள். சாதி! நீதியரசர் சந்துரு குழு 2024இல் அறிக்கை தந்தது; பள்ளியில் சாதிக் கயிறு கூடாது, சாதி அடையாளம் கூடாது, பள்ளிப் பெயர்களில் சாதிப்பெயர் கூடாது என்றது. வெட்டியவர்கள் ராப் கேட்டு வெட்டவில்லை, ஐயா. பிறப்பிலேயே தான் பெரியவன் என்று வீடும் தெருவும் சொல்லிக் கொடுத்ததைக் கேட்டு வெட்டினார்கள்.

வெட்டுப்பட்டவன் வலியைச் சொல்வது ஒரு பாட்டு. வெட்டும் கத்தியை மெச்சுவது இன்னொரு பாட்டு. இரண்டும் உரக்கத்தான் ஒலிக்கும். சத்தத்தைக் கேட்டுத் தீர்ப்புச் சொல்லாதீர்கள். சொல்லைக் கேட்டுச் சொல்லுங்கள். டூபாக்கிடம் முதல் பாட்டு இருந்தது, இரண்டாவதன் நஞ்சும் கலந்தது. இருபத்தைந்து வயதில் அவனைக் குடித்தது. சட்டையில் அவன் படத்தை அணியும் தம்பி, அவன் தாயை நினைத்து அணியட்டும், அவன் துப்பாக்கியை நினைத்து அல்ல.

நம்மையும் ஒரு காலத்தில் கூத்தாடிகள் என்றார்கள். எம்.ஆர்.ராதாவின் நாடகத்துக்குத் தடை போட்டார்கள். 1954இல் நாடகங்களைக் கட்டுப்படுத்தச் சட்டமே கொண்டுவந்தார்கள். நாடகம் நின்றதா? காஞ்சியில் நெசவாளர் வீட்டில் பிறந்த அண்ணா, அதே மேடையையும் எழுத்தையும் படிக்கட்டாக்கி, 1967இல் கோட்டை ஏறினார். அந்தக் கூத்தாடிகளின் வழிவந்த நாம், இன்று தெருவில் பாடும் பிள்ளையைப் பார்த்து முகம் சுளிக்கலாமா?

காஞ்சி மாவட்டத்திலேயே உத்திரமேரூர் இருக்கிறது. குடவோலைக் கல்வெட்டு! உலகுக்கே மக்களாட்சி கற்றுத்தந்தோம் என்று பெருமை பேசுவார்கள். பத்தாம் நூற்றாண்டில் பராந்தகச் சோழன் காலத்தில், ஓலையில் பெயர் எழுதிக் குடத்தில் போட்டுத் தேர்ந்தெடுத்தது உண்மை. ஆனால் யார் பெயரைக் குடத்தில் போடலாம்? கால்வேலிக்கு மேல் வரி கட்டும் நிலம் வேண்டும், சொந்த மனையில் வீடு வேண்டும், வேதம் தெரிந்திருக்க வேண்டும். கால்வேலியை உழுதவன்? அவன் பெயருக்கு ஓலை இல்லை!

குடத்தில் இடமில்லை, தூணில் இடமில்லை, அட்டையில் இடமில்லை. எங்கேதான் எழுதுவான் தன் பெயரை? காற்றிலே எழுதுகிறான். தாளத்தில் எழுதுகிறான். அதற்குத்தான் ராப் என்று இன்று பெயர்.

அறிவு, 2024இல் வெளியிட்ட தொகுப்புக்கு என்ன பெயர் வைத்தார் தெரியுமா? 'வள்ளியம்மா பேராண்டி'. ஒப்பந்தத்தில் ஓர் எண்ணாக இருந்த தோட்டத் தொழிலாளியின் பெயர் இப்போது தலைப்பிலே! அழிக்க முடியுமா இனி?

பெரியவரே, அது பாட்டா ஏச்சா என்று கேட்டீர்கள். அது கையெழுத்து, ஐயா. கைநாட்டு வைத்த பரம்பரையின் பேரன் போட்ட கையெழுத்து.

அடுத்தமுறை புள்ளலூர் வரும்போது, அந்தத் தம்பியிடம் கைப்பேசியை வாங்கிப் பக்கத்தில் உட்கார்ந்து கேளுங்கள். நாங்களும் வருகிறோம். தூண்கள் அங்கேயே நிற்கட்டும். அவற்றின் எதிரே நின்று, கல்லில் ஏறாத பெயர்களை நாம் வாய்விட்டுச் சொல்வோம்.